நட்டவள் வேறு

நாங்கள் வந்து இறங்கியபோது
வயலில் உருளைக்கிழங்கு பூத்திருந்தது.
வெள்ளை, இடையிடையே ஊதா.
நட்டவள் அடுக்களையில் நின்றுகொண்டிருந்தாள்.

பதினெட்டு நாள் சரக்கு ரயில்,
பசுமாட்டோடு ஒரே பெட்டி.
அதிகாரி தந்த சீட்டில் எண் ஏழு.
எனக்கென்று எழுதிக் கொடுத்த கதவை
நானே தட்டினேன்.
கையைத் துடைத்துக்கொண்டே அவள் திறந்தாள்.
உள்ளே ஏதோ கொதித்துக்கொண்டிருந்தது.

மார்பைத் தொட்டு, ஹெட்விக் லூட்கெ என்றாள்.
நான் என் மார்பைத் தொட்டு, பெத்ரொனேலா.
அவள் ஜெர்மன், நான் போலிஷ்.
வீடு நெடுகத் தேடியும்
இருவருக்கும் பொதுவாய் ஒரு சொல் கிடைக்கவில்லை.
ஜன்னலுக்கு வெளியே கைநீட்டி
கார்டோஃபல் என்றாள்.
எங்கள் ஊரிலும் அதற்கு அதுதான் பெயர்.
சிரித்துவிட்டேன். அவள் சிரிக்கவில்லை.

அந்த இலையுதிர் காலத்தில் சேர்ந்தே தோண்டினோம்.
அவளுக்கு ஏழு கூடைக்கு ஒரு கூடை
என்றார் என் கணவர் வின்சென்ட்டி.
அவள் நட்டது, அவள் களையெடுத்தது,
அதில் ஏழுக்கு ஒன்று.
தாராளம் என்றே எங்களுக்குப் பட்டது.
பேரி மரத்தடி வரிசையை மட்டும்
யாரையும் அண்டவிடாமல் அவளே கிளறினாள்,
மேலோட்டமாக, கோழி கீறுவதுபோல்.
பெரிய கிழங்கை ஒளிக்கிறாள் என்று
நான் ஓரக்கண்ணால் பார்த்தேன்.

அடுத்த ஜூனில் அவர்களை அனுப்பினார்கள்.
அரை மணி நேரம், கையில் சுமக்கிற அளவு.
தலையணை உறையில் ரொட்டி கட்டிக்கொண்டு
வயல் முனைவரை வந்தவள் நின்றாள்.
பேரி மரத்தைக் காட்டி
நிறையப் பேசினாள்.
எனக்குப் புரிந்தது ஒரே சொல்.
ஆமாம் ஆமாம், கார்டோஃபல், என்று தலையாட்டினேன்.
சிப்பாய் அவசரப்படுத்தினான்.

அறுவடையில் முள்மண்வெட்டி
டங்கென்றது.
வின்சென்ட்டி மண்ணில் குப்புற விழுந்தார்.
நானும் விழுந்தேன்.
முந்தின வாரம்தான் ஆற்றோரம்
ஒரு குதிரையும் அதை ஓட்டியவனும்
கண்ணிவெடியில் போயிருந்தார்கள்.
ஈரமண்ணில் கன்னம் வைத்துக் காத்திருந்தோம்.
ஒரு மண்புழு என் மூக்கருகே
தன் வேலையைப் பார்த்துக்கொண்டிருந்தது.
ஒன்றும் வெடிக்கவில்லை.

பால் கேன். உள்ளே செய்தித்தாள் சுற்றி
பன்னிரண்டு தட்டு, நீலக்கரை.
ஞானஸ்நானத்துக்குப் போடும் குழந்தைச் சட்டை ஒன்று.
அவளுக்குக் குழந்தை இருந்ததா?
ஒரு வருடம் ஒரே அடுப்பில் சமைத்தும்
அதைக் கேட்க எங்களிடம் சொல் இருக்கவில்லை.

முதல் ஞாயிறு அந்தத் தட்டில்
கிழங்கும் மோரும் வைத்தபோது
யாரும் கரண்டியைத் தட்டில் உரசவில்லை.
மூன்றாம் ஞாயிறு உரசினோம்.
பிறகு வண்டு வந்த வருடம்.
பள்ளிப் பிள்ளைகள் ஜாடியோடு வரிசையில் இறங்கி
கோடுபோட்ட வண்டுகளைப் பொறுக்கினார்கள்.
அமெரிக்கா விமானத்திலிருந்து கொட்டியதாம்.
அரசுக்கு அளக்கிற பங்கு மட்டும் குறையவில்லை.
அளந்துவிட்டு வந்த இரவு
வின்சென்ட்டி ஒரு தட்டைச் சுவரில் எறிந்தார்.
பதினொன்று.

ஒன்றை அவரிடம் நான் சொன்னதில்லை.
ரயிலேறுவதற்கு முந்தின இரவு
கிழக்கே, எங்கள் கிழங்கு வயலில்
நானும் ஒன்றைப் புதைத்தேன்.
தையல் இயந்திரத்தின் தலை,
எண்ணெய்த் துணி சுற்றி, முழங்கை ஆழம்.
அங்கேயும் யாரோ ஒருவரின் மண்வெட்டி
டங்கென்றிருக்கும்.
குப்புற விழுந்து, எழுந்து,
மண்ணைத் தட்டிவிட்டுச் சிரித்திருப்பார்கள்.
இந்நேரம் யாரோ அதில்
பிள்ளைக்குச் சட்டை தைக்கிறாள்.
தைக்கட்டும்.
ஊசி கொஞ்சம் இடப்பக்கம் சாயும்,
துணியைச் சற்றே இழுத்துப் பிடிக்க வேண்டும்.
அதை யார் அவளுக்குச் சொல்வது?

பேரி மரத்தடியில் லூட்கெ சொன்னதும்
இப்படி ஏதாவதாக இருக்கலாம்.
வெந்நீரில் கழுவாதே என்று.
நான் ஏழு வருடமாக வெந்நீரில்தான் கழுவுகிறேன்.
பதினொன்றின் பளபளப்பிலும்
மெல்லிய வேர்போல விரிசல் ஓடியிருக்கிறது.